அனால்கோ என்றால் அக்கரை

(ஒரு நூலக வாசகர் கூட்டத்தில் பேசியதன் எழுத்து வடிவம்)

நண்பர்களுக்கு வணக்கம். அழைப்பிதழில் 'மெக்சிகோவில் ஒரு நாள்' என்று தலைப்புப் போட்டிருக்கிறார்கள். ஒரு நாட்டைப் பற்றிப் பேசச் சொல்லியிருந்தால் மறுத்திருப்பேன். ஒரே ஒரு நாளைப் பற்றி என்றால் எனக்குத் துணிச்சல் உண்டு. காலை 7 மணிக்கு மெக்சிகோ நகரத்தில் வேன் ஏறினேன், இரவு எட்டரைக்கு இறங்கினேன். இடையில் இருந்ததைச் சொல்கிறேன்.

விளம்பரத் தாளில் 'அழகிய காலனிய நகரங்களுக்கு வழிகாட்டியுடன் ஒரு நாள் பயணம்' என்று அச்சிட்டிருந்தார்கள். இந்தச் சொற்சேர்க்கையைக் கொஞ்சம் கவனியுங்கள். நம்மிடம் 'காலனி ஆட்சி' என்றால் யாராவது ஒருவர் நாற்காலியை விட்டு எழுந்து பேசத் தொடங்கிவிடுவார். சுற்றுலாக்காரர்கள் வாயில் அதே சொல்லுக்கு, பழையது, வண்ணம் பூசியது, நடுவில் ஒரு சதுக்கமும் சதுக்கத்தில் ஐஸ்கிரீமும் உள்ளது என்று பொருள். சொல் எப்படி இவ்வளவு சாதுவானது என்ற கேள்வியோடுதான் நான் வேனில் உட்கார்ந்தேன்.

வேன் உடனே கிளம்பவில்லை. ஓட்டல் ஓட்டலாக நின்று ஆள் சேர்க்கவே ஒரு மணி நேரம் போயிற்று. இந்த வகைப் பயணங்களில் இது எழுதப்படாத விதி. நீங்கள் போனால் கடைசியாக ஏறும் இடத்தைக் கேட்டுத் தெரிந்துகொண்டு அங்கே போய் நில்லுங்கள், ஒரு மணி நேரத் தூக்கம் மிச்சம். இன்னொன்று, திங்கட்கிழமை போகாதீர்கள். அந்த நாட்டில் அருங்காட்சியகங்கள் பெரும்பாலும் திங்கட்கிழமை மூடியிருக்கும். பூட்டிய கதவின் முன் நின்று வழிகாட்டி உள்ளே இருப்பதை வர்ணிப்பார், நீங்கள் தலையாட்டுவீர்கள்.

மெக்சிகோ நகரமே 2,240 மீட்டர் உயரத்தில் இருக்கிறது. அங்கிருந்து கிழக்கே சுமார் 130 கிலோமீட்டர் போனால் புவெப்லா. வழியில் சாலை 3,000 மீட்டருக்கு மேல் ஏறி இறங்குகிறது. எனக்கு நெற்றிப் பொட்டில் யாரோ விரலால் தட்டிக்கொண்டே இருப்பது போல வலித்தது. பக்கத்து இருக்கையில் வெராக்ரூசிலிருந்து வந்த ஓய்வுபெற்ற ஆசிரியை ஒருவர். 'தண்ணீர் குடியுங்கள், மெதுவாக மூச்சு விடுங்கள்' என்றார். அவரைப் பற்றிப் பிறகு சொல்ல வேண்டியிருக்கிறது.

பைன் மரங்களுக்கு மேலே இரண்டு எரிமலைகள். 5,426 மீட்டர் உயரமுள்ள பொப்போகாதெபெட்ல் 1994 டிசம்பரிலிருந்து விட்டுவிட்டுப் புகைந்துகொண்டிருக்கிறது. அடிவாரத்து மக்கள் அதை 'தோன் கோயோ' என்று, ஊர்ப் பெரியவரை அழைப்பதுபோல அழைக்கிறார்கள். மார்ச் 12 அன்று பிறந்தநாள் கூடக் கொண்டாடுகிறார்கள். பக்கத்தில் படுத்திருக்கும் பெண்ணின் வடிவில் இஸ்தாக்சிவாட்ல். 1519இல் ஸ்பானியப் படைத்தலைவன் எர்னான் கோர்த்தேஸ் தன் படையோடு இந்த இரண்டுக்கும் நடுவிலுள்ள கணவாய் வழியாகத்தான் அஸ்டெக் தலைநகருக்கு இறங்கினான். அதற்குச் சில நாட்களுக்கு முன்பு அவன் எங்கே இருந்தான் என்றால், எங்கள் முதல் நிறுத்தமான சோலூலாவில்.

சோலூலாவில் இறங்கியதும் ஒரு குன்று தெரிகிறது, உச்சியில் மஞ்சள் நிறத் தேவாலயம். எல்லோரும் தேவாலயத்தைப் படமெடுத்தார்கள். பிறகுதான் வழிகாட்டி, 'நீங்கள் குன்று என்று நினைப்பது குன்று அல்ல' என்றார். அது பிரமிடு. எகிப்தின் பெரிய பிரமிடு இதைவிட உயரம். ஆனால் அதன் அடிப்பக்கம் ஏறத்தாழ 230 மீட்டர், இதன் அடிப்பக்கமோ 400 மீட்டர். கொள்ளளவில் உலகிலேயே பெரிய பிரமிடு இதுதான். அஸ்டெக் மக்கள் பேசிய நாவாட்ல் மொழியில் இதன் பெயருக்குக் கையால் செய்த மலை என்று பொருள். 1931இல் தொல்லியலாளர்கள் குடையத் தொடங்கினார்கள். உள்ளே எட்டு கிலோமீட்டர் நீளத்துக்குச் சுரங்கப் பாதைகள் வெட்டி, ஒன்றின்மேல் ஒன்றாக, அடுக்கடுக்காகக் கட்டப்பட்டிருப்பதைக் கண்டார்கள்.

'ஸ்பானியர் வருகிறார்கள் என்று தெரிந்ததும் மக்கள் மண்ணைக் கொட்டி மூடி மறைத்துவிட்டார்கள்' என்றார் வழிகாட்டி. கேட்க நன்றாகத்தான் இருந்தது. ஆனால் ஸ்பானியர் வருவதற்குப் பல நூற்றாண்டுகளுக்கு முன்பே அது கைவிடப்பட்டுப் புல் முளைத்துக் கிடந்தது. 'இந்த ஊரில் ஆண்டின் ஒவ்வொரு நாளுக்கும் ஒன்றாக 365 தேவாலயங்கள்' என்றும் சொன்னார். அவ்வளவு கிடையாது. வழிகாட்டிகள் மீது எனக்குக் கோபமில்லை. நம் கோயில்களில் 'கல்லைத் தட்டினால் ஏழு ஸ்வரம்' என்று தொடங்குகிறவரும் ஒரு தொழிலைத்தான் செய்கிறார். கதை கேட்கிறவர்கள் காசு கொடுக்கிறார்கள், கணக்குக் கேட்கிறவர்கள் சிறு தொகைக்குக்கூடச் சில்லறை கேட்கிறார்கள்.

எனக்கு உறுத்தியது அவர் சொல்லாமல் விட்ட ஒன்று. 1519 அக்டோபரில் இந்த ஊரின் பெரியவர்களையும் மக்களையும் ஒரு முற்றத்தில் கூட்டி, வழிகளை அடைத்து, கோர்த்தேசின் ஆட்கள் வெட்டினார்கள். தனக்கு எதிராகச் சதி நடந்தது என்பது கோர்த்தேஸ் சொன்ன காரணம். இரண்டு மணி நேரத்தில் மூவாயிரத்துக்கும் மேற்பட்டவர்கள் இறந்தார்கள் என்று ஸ்பானிய அரசருக்கு எழுதிய கடிதத்தில் அவனே குறிப்பிட்டிருக்கிறான். மஞ்சள் தேவாலயத்துக்கு ஏறும் படிகளில் மூச்சு வாங்கியபடி நின்றபோது அந்தக் கடிதம் நினைவுக்கு வந்தது. கீழே பொரித்த வெட்டுக்கிளி விற்றுக்கொண்டிருந்தார்கள். எலுமிச்சை பிழிந்து, மிளகாய்த்தூள் தூவி. சாப்பிட்டேன், நன்றாகவே இருந்தது.

அடுத்த நிறுத்தமான தொனான்சின்ட்லா சிறிய ஊர். வெளியிலிருந்து பார்த்தால் தேவாலயமும் சாதாரணம். உள்ளே நுழைந்ததும் கழுத்து தானாக நிமிர்ந்துவிடுகிறது. சுவர், தூண், கூரை என ஒரு சாண் இடமும் வெறுமையாக இல்லை. சுண்ணச் சாந்தில் செய்து வண்ணமும் பொன்னும் பூசிய தேவதூதர்கள் நூற்றுக்கணக்கில் தொங்குகிறார்கள். அவர்களுடைய முகங்களைப் பாருங்கள். கறுத்த, வட்டமான, அந்த ஊர்ச் சிறுவர்களின் முகங்கள். சிலர் தலையில் இறகுக் கிரீடம். சுற்றிலும் மக்காச்சோளமும் பழக்கொத்துகளும். பாதிரியார் சொர்க்கத்தைச் செய்து கொடு என்று கேட்டிருக்கிறார். கொத்தனார் தனக்குத் தெரிந்த சொர்க்கத்தைச் செய்துவிட்டுப் போயிருக்கிறார். ஊரின் பெயரில் இருக்கும் 'தொனான்சின்' நாவாட்ல் மொழியில் 'எங்கள் தாய்'. மரியாள் வருவதற்கு முன்பே அங்கே ஒரு தாய் இருந்தாள் என்பதை ஊர்ப்பெயர் மறக்கவில்லை. உள்ளே படமெடுக்கத் தடை. அதனால் எங்கள் குழுவில் எல்லோரும் அன்று முதன்முறையாக ஓர் இடத்தை வெறும் கண்ணால் பார்த்தோம். அங்கே ஒதுக்கப்பட்ட நேரம் இருபது நிமிடம். அதற்கடுத்து ஒரு கடையில் நிறுத்தி நாற்பது நிமிடம் வெள்ளி நகை பார்க்கச் சொன்னார்கள். எந்த நாட்டுச் சுற்றுலாவிலும் இந்தக் கணக்கு இப்படித்தான். நான் கடைவாசலில் நின்று நாய்க்கு பிஸ்கட் போட்டேன்.

இனி புவெப்லா. 1531இல் வெற்று நிலத்தில் திட்டமிட்டுக் கட்டிய நகரம். தலைநகருக்கும் வெராக்ரூஸ் துறைமுகத்துக்கும் நடுவில், ஸ்பானியர்கள் குடியேறுவதற்கென்றே அளந்து, கட்டம் கட்டமாகத் தெரு போட்டு எழுப்பினார்கள். 1987இல் யுனெஸ்கோவின் உலக மரபிடப் பட்டியலில் சேர்ந்தது. வீட்டு முகப்புகளில் சிவப்புச் செங்கல்லும் நீல வெள்ளைத் தலவேரா ஓடுகளும் மாறி மாறி வருகின்றன. ஸ்பெயினின் தலவேரா நகரத்துக் குயவுக் கலை இங்கே வந்து வேர் பிடித்தது.

சதுக்கத்தில் நின்று வழிகாட்டி பேசினார். முதலில் ஸ்பானிய மொழியில், பிறகு ஆங்கிலத்தில். ஸ்பானியம் ஐந்து நிமிடம் ஓடியது, ஆங்கிலம் இரண்டு நிமிடத்தில் முடிந்தது. ஆங்கிலத்தில் எங்களுக்குக் கிடைத்தது இது: 'ஆயர் ஒருவரின் கனவில் தேவதூதர்கள் கயிறு பிடித்து நிலத்தை அளந்தார்கள், ஆகவே இது தேவதூதர்களின் நகரம்.' மிச்ச மூன்று நிமிடம் எங்கே போயிற்று என்று வெராக்ரூஸ் ஆசிரியையிடம் கேட்டேன். அவர் சிரித்துவிட்டு, 'தேவதூதர்கள் அளந்துவிட்டுப் போய்விட்டார்கள். கட்டியது யார் என்பதுதான் அந்த மூன்று நிமிடம்' என்றார்.

கட்டியவர்கள் ட்லாஸ்கலா, சோலூலா, ஹுவெஹொட்சிங்கோ ஊர்களிலிருந்து வரவழைக்கப்பட்ட பூர்வகுடி மக்கள். பகலெல்லாம் வேலை செய்துவிட்டு நகருக்குள் தங்க முடியாது. சான் பிரான்சிஸ்கோ ஆற்றைத் தாண்டி, கிழக்குக் கரையில்தான் அவர்களுக்குக் குடியிருப்பு. அதில் ஒன்றின் பெயர் அனால்கோ. நாவாட்ல் சொல். ஆசிரியை அதற்கு 'நீருக்கு அந்தப் பக்கம்' என்று விளக்கம் சொன்னார். எனக்கு விளக்கம் தேவைப்படவில்லை. நம்மிடம் அதற்கு ஒற்றைச் சொல் இருக்கிறது: அக்கரை.

அதன்பிறகு எந்தக் கட்டடத்துக்குள் போனாலும் அந்தச் சொல் கூடவே வந்தது. சாந்தோ தொமிங்கோ தேவாலயத்தில் 1690இல் முடிந்த ஜெபமாலைச் சிற்றாலயம், கூரை முழுதும் பொன் தகடு. அடுத்து பலாஃபாக்ஸ் நூலகம். 1646இல் ஆயர் ஹுவான் தே பலாஃபாக்ஸ் தன்னுடைய 5,000 புத்தகங்களைக் கொடுத்துத் தொடங்கியது. பாதிரியார்கள் மட்டுமல்ல, படிக்கத் தெரிந்த யார் வேண்டுமானாலும் வரலாம் என்று நிபந்தனை வைத்தார். தேவதாரு மர அலமாரிகள், தோல் அட்டை வாசனை. இன்று அங்கே நாற்பதாயிரத்துக்கும் மேற்பட்ட நூல்கள். நூலகத்தில் பேசிக்கொண்டிருப்பதால் சொல்கிறேன், அங்கே இரண்டு மணி நேரமாவது கேளுங்கள். எங்களுக்குப் பதினைந்து நிமிடம்தான் கொடுத்தார்கள்.

மதிய உணவு மூன்று மணிக்கு. மோலே என்ற கருஞ்சிவப்புக் குழம்பு, கோழியின் மேல் ஊற்றித் தருகிறார்கள். ஒரு கன்னியர் மடத்துச் சமையலறையில் பிறந்தது என்று கதை. எனக்குக் கதையைவிடக் குழம்பு முக்கியம். மிளகாயும் சாக்லேட்டும் அந்த மண்ணுடையவை. அதில் விழுந்திருக்கும் கிராம்பும் மிளகும் பட்டையும் நம் பக்கத்துக் கடலிலிருந்து போனவை. எதிர்த்திசையில் அவர்கள் மிளகாய் போர்த்துகீசியர் கப்பலில் நமக்கு வந்தது. பெயர் தெரியாமல், மிளகைப்போல உறைக்கும் காய் என்று நாம் பெயர் வைத்தோம். சப்போட்டாவுக்கு அந்தச் சிரமமும் எடுத்துக்கொள்ளவில்லை. நாவாட்ல் 'சபோட்ல்' தான் கொஞ்சம் உருமாறி நம் பழக்கடையில் உட்கார்ந்திருக்கிறது.

கப்பல் என்றதும் அந்தப் பெண்ணைச் சொல்ல வேண்டும். இதற்காகவே நான் புவெப்லாவைத் தேர்ந்தெடுத்தேன். 'சீனா பொப்லானா', அதாவது புவெப்லாவின் சீனப் பெண், என்று அங்கே ஒரு பிம்பம் உண்டு. பூவேலை செய்த வெள்ளை ரவிக்கை, மின்னும் சிவப்புப் பாவாடை. காந்த பொம்மையாகக்கூட விற்கிறார்கள். 'சீனாவிலிருந்து வந்த இளவரசி இந்த உடையைக் கொண்டுவந்தாள்' என்றார் வழிகாட்டி. அந்த உடை 19ஆம் நூற்றாண்டுப் பழக்கம். பெயருக்குப் பின்னாலுள்ள உண்மைப் பெண் சீனாவைச் சேர்ந்தவளே இல்லை, அவள் இந்தியாவில் பிறந்தவள். பெயர் மிர்ரா. சிறுமியாக இருந்தபோது போர்த்துகீசியக் கடற்கொள்ளையர் பிடித்துக்கொண்டு போனார்கள். கொச்சியில் ஞானஸ்நானம் கொடுத்துக் கத்தரீனா என்று பெயரிட்டார்கள். மணிலாவுக்குக் கொண்டுபோய் விற்றார்கள். அங்கிருந்து பசிபிக் கடலைக் கடந்து அக்காபுல்கோவில் இறக்கி, புவெப்லாவில் மிகேல் தே சோசா என்ற வணிகர் வீட்டில் அடிமையாகச் சேர்த்தார்கள். மணிலா கப்பலில் வந்த ஆசியர் எல்லோருக்கும் அங்கே 'சீனர்' என்றுதான் பெயர். இந்தியா, மலாய், பிலிப்பைன்ஸ் எதுவாக இருந்தாலும் அதேதான். அந்தச் 'சீன' அடிமைகளுக்கு 1672இல்தான் சட்டப்படி விடுதலை கிடைத்தது.

அவள் தவ வாழ்க்கை வாழ்ந்தாள், காட்சிகள் கண்டாள், ஊரே புனிதை என்று கொண்டாடியது. 1688இல் இறந்தாள். அவளுடைய பாவமன்னிப்புக் குருவான அலோன்சோ ராமோஸ் மூன்று பாகங்களில் அவள் வரலாற்றை எழுதினார். கத்தோலிக்கத் திருச்சபையின் விசாரணை மன்றம் அதைத் தடை செய்தது. மொகலாய அரச குடும்பத்தவள் என்று அவர் எழுதியிருப்பதை நான் நம்பவில்லை. பிடித்து விற்கப்பட்ட ஒரு குழந்தையைப் பெரிய இடத்துப் பிள்ளையாக ஆக்கினால்தான் வாசகனுக்குக் கண்ணீர் வரும் என்று அந்தக் காலத்திலும் நினைத்திருக்கிறார்கள். கடலை ஆறு என்று வைத்துக்கொண்டால் அவளும் அக்கரையிலிருந்து வந்தவள்தான். இயேசு சபைத் தேவாலயத்தில் அவள் புதைக்கப்பட்டிருக்கிறாள். வாசல் வரை போனேன். 'நேரமில்லை' என்றார் வழிகாட்டி. கொச்சி இருக்கும் திசை எது என்றுகூட நின்று யோசிக்க விடவில்லை.

கடைசியாக 'சுதந்திர நேரம்' ஐம்பது நிமிடம். பரியான் கடைவீதியில் பொருள் வாங்குவதற்கு. பரியான் என்ற பெயரும் மணிலாவிலிருந்து வந்ததே. ஆனால் நான் கடைக்குப் போகவில்லை. கிழக்கே இறங்கி நடந்தேன், ஆற்றைத் தேடி.

ஆறு இல்லை. 1960களில் அதைக் குழாய்க்குள் அடைத்து மேலே அகலச் சாலை போட்டுவிட்டார்கள், மே 5 வீரர்கள் சாலை என்று பெயர். 1862 மே 5 அன்று இந்த ஊரில் பிரெஞ்சுப் படையைத் தோற்கடித்த நினைவாக. ஓரிடத்தில் ஓவாந்தோ பாலம் என்ற பழைய கல்பாலம் மட்டும், தண்ணீர் எதையும் தாண்டாமல் நிற்கிறது. சிக்னல் பச்சையானதும் ஆற்றை நடந்தே கடந்தேன். அனால்கோவில் தாழ்ந்த வீடுகள், ஒரு பூங்கா, அதன் முன் காவல் தூதர் பெயரில் ஒரு தேவாலயம். பூங்காப் பெஞ்சில் இரண்டு பாட்டிமார் எதற்கோ சண்டை போட்டுக்கொண்டிருந்தார்கள். நானும் உட்கார்ந்தேன்.

திரும்பியபோது பதினைந்து நிமிடம் தாமதம். வேனில் எல்லோரும் என்னை ஒரு மாதிரியாகப் பார்த்தார்கள். 'கடையில் உங்களைக் காணவில்லையே, எங்கே போனீர்கள்?' என்றார் வழிகாட்டி. 'அனால்கோ' என்றேன். 'அங்கே பார்க்க ஒன்றும் இல்லையே' என்றார். அந்தக் குரலில் குறை இல்லை, உண்மையாகவே வியந்தார். ஆசிரியை ஜன்னல் பக்கம் முகத்தைத் திருப்பிக்கொண்டார்.

வேன் அகலச் சாலையில் வளைந்தது. ஆற்றின் நடுவே போய்க்கொண்டிருந்தோம். சிக்னல் சிவப்பாகி ஓட்டுநர் நிறுத்தியபோது இடப்பக்கம் இக்கரை, வலப்பக்கம் அக்கரை, எங்கள் சக்கரத்துக்கு அடியில் எங்கோ தண்ணீர்.