எக்குவமென்த்தே என்றொரு சொல்

எல்லோருக்கும் வணக்கம். இத்தாலிய மொழி கற்க வந்திருக்கும் உங்களிடம் இன்று ஒரே ஒரு சொல்லைப் பற்றிப் பேசப் போகிறேன். எக்குவமென்த்தே. அகராதியில் 'நியாயமாக' என்று இருக்கும். அது சரிதான், ஆனாலும் அதோடு நின்றுவிட்டால் சொல்லின் அழகு கைக்கு வராது.

சொல்லைப் பிரித்துப் பாருங்கள். முதல் பாதி எக்குவோ. அதன் லத்தீன் வேர்ச்சொல்லுக்கு மேடுபள்ளம் இல்லாத, சமமான என்று பொருள். பகலும் இரவும் ஒத்து வரும் நாளை இத்தாலியர் எக்குவினோட்சியோ என்கிறார்களே, அதிலும் இருப்பது இதே வேர்தான். நம் 'சம'மும் இப்படித்தான்: சமவெளியிலும் இருக்கிறது, சமநீதியிலும் இருக்கிறது. பின்பாதி மென்த்தே என்றால் மனம். லத்தீனில் 'சமமான மனத்தோடு' என்று இரண்டு சொல்லாகச் சொன்னது நாளடைவில் ஒட்டிக்கொண்டது. மனம் அங்கே பெண்பால் பெயர். அதனால்தான் எக்குவோ எக்குவா ஆகிறது. 'எக்குவோமென்த்தே' என்று எழுதும் மாணவர்களுக்கு நான் இந்தக் கதையைத்தான் சொல்வேன். அப்புறம் பிழை வராது.

இனி பயன்பாடு. இருவர் சேர்ந்து ஒரு தோட்டவேலை செய்கிறார்கள். ஒருவர் 6 மணி நேரம், மற்றவர் 2 மணி நேரம். கூலி 80 யூரோ. ஆளுக்கு 40 என்று பிரித்தால் அது 'இன் பார்த்தி உகுவாலி', அதாவது சரிபாதி. உழைப்பைப் பார்த்து 60, 20 என்று கொடுத்தால் எக்குவமென்த்தே. பேச்சு வழக்கில் சரிபாதிக்கும் இதே சொல்லைப் போட்டுவிடுகிறார்கள், கேக்கைப் பங்கிடும்போதுகூட. அதைத் தவறென்று நான் சொல்லமாட்டேன். ஆனால் உயில் எழுதும்போது இந்தத் தளர்ச்சி கூடாது, பிள்ளைகளுக்குள் சண்டை வரும். 1942-இன் இத்தாலிய உரிமையியல் சட்டத்தை எழுதியவர்கள் இதில் கவனமாக இருந்தார்கள். பெற்றோர் சொத்து பிள்ளைகளுக்குப் போகும் இடத்தில், பிரிவு 566-இல், 'இன் பார்த்தி உகுவாலி' என்றே எழுதினார்கள். எவ்வளவு அலசியும் பொருள் தெளியாத ஒப்பந்தத்தைப் பற்றிய பிரிவு 1371-இலோ, அது இருதரப்பும் எதையாவது கொடுத்துப் பெறும் ஒப்பந்தமானால், இருவர் நலனையும் 'எக்குவோ'வாக இணக்கிப் பொருள் கொள்ளச் சொன்னார்கள். முதலாவதில் கணக்குப் போட்டால் போதும். இரண்டாவதில் ஒரு மனிதர் உட்கார்ந்து யோசிக்க வேண்டும்.

இன்னொன்று, ஜுஸ்தமென்த்தே. இதற்கும் 'நியாயமாக' என்றுதான் போட்டிருக்கும். ஆனால் 'அவர் கோபப்பட்டார், கோபப்பட்டது நியாயம்தான்' என்று நாம் ஆமோதிக்கிறோமே, அந்த இடத்துக்கு ஜுஸ்தமென்த்தேதான் வரும். எக்குவமென்த்தே அங்கே ஒட்டாது. பங்கிட்டார், தீர்ப்புச் சொன்னார், நடத்தினார் என்று ஒரு செயல் நடந்த விதத்தைச் சொல்லத்தான் அது. ஒரு நீதிபதி தீர்ப்புச் சொன்னதை இத்தாலியர் 'ஆ ஜூதிக்காத்தோ எக்குவமென்த்தே' என்பார்கள். அழுத்தம் 'மென்' மேல் விழட்டும். எங்கே, ஒருமுறை சேர்ந்து சொல்லிப் பாருங்கள்.