45 பலகைகளும் ஒரு நூலகச் சாவியும்

மதிப்பிற்குரிய தலைவர் அவர்களே, வேறு இரண்டு கூட்டங்களை ஒதுக்கிவிட்டு இங்கே வந்திருக்கும் நகர்மன்ற உறுப்பினர் அம்மா அவர்களே, எனக்கு ஒன்பதாம் வகுப்பில் கணக்குச் சொல்லிக்கொடுத்த தலைமை ஆசிரியர் ஐயா அவர்களே (ஐயா, நீங்கள் வைத்த குட்டு இன்னும் நினைவிருக்கிறது), நாற்காலிக்கு வாடகை வாங்க மறுத்த பந்தல்காரர் அண்ணன் அவர்களே, வாசகர் வட்டத்து நண்பர்களே, முன்னால் பாயில் உட்கார்ந்திருக்கும் பிள்ளைகளே, எல்லோருக்கும் வணக்கம். பொன்னாடைக்கு நன்றி. அந்தக் காசுக்கு ஒரு சதுரங்கப் பலகை வாங்கலாமே என்று போன வருடமே சொன்னேன். இந்த வருடமும் சொல்லிவிட்டேன்.

இன்று மிகேல் நைதோர்ஃப் என்ற அர்ஜென்டினா கிராண்ட்மாஸ்டரைப் பற்றி மூன்று விஷயங்கள் பேசுவதாகத் தலைவரிடம் ஒப்புக்கொண்டேன். அவர் அந்த நாட்டுக்கு வந்த கதை, அவர் பெயரில் வழங்கும் ஆட்டமுறை, அவரோடு பலகைக்கு எதிரே உட்கார்ந்த பெரிய மனிதர்கள். அரை மணி நேரத்தில் முடித்துவிடுவேன். சிரிக்காதீர்கள், முயற்சி செய்கிறேன்.

"கெட்டும் பட்டணம் சேர்" என்று என் பாட்டி அடிக்கடி சொல்வாள். கெட்டவனுக்குப் பட்டணத்தில் என்ன வேலை என்று கேட்டால், "அங்கேதான்டா யாராவது கதவைத் திறப்பான்" என்பாள். நைதோர்ஃபைப் படிக்கும்போதெல்லாம் எனக்குப் பாட்டி ஞாபகம்தான்.

அவர் பிறந்தது தென் அமெரிக்காவில் இல்லை. 1910-ல் போலந்தில், வார்சாவுக்குப் பக்கத்தில் ஒரு சிற்றூரில், யூதக் குடும்பத்தில் பிறந்தார். சதுரங்கம் கற்றது 14 வயதில். பிள்ளைகளே, நன்றாகக் கேளுங்கள், 14! என் தங்கை மகனை 12 வயதில் ஒரு பயிற்சி நிலையத்துக்குக் கூட்டிப்போனேன். பெயர் வேண்டாம். "லேட்டாக வந்திருக்கிறீர்கள் சார், ஆறு வயதிலேயே வந்திருக்க வேண்டும்" என்று சொல்லி, அப்புறம் கட்டண அட்டையையும் நீட்டினார்கள். லேட் என்றால் அட்டை எதற்கு? போகட்டும்.

1939-ல் பியூனஸ் அயர்ஸில் சதுரங்க ஒலிம்பியாட். 2022-ல் மாமல்லபுரத்தில் 44-வது நடந்ததே, அதன் 8-வது. ஐரோப்பிய அணிகளில் பல, பெல்ஜியத்தின் ஆண்ட்வெர்ப் துறைமுகத்தில் ஒரே கப்பலில் ஏறின. போலந்துக்காரரும் ஜெர்மன்காரரும் ஒரே கப்பலில். மூன்று வாரப் பயணம். போட்டி நடந்துகொண்டிருக்கும்போதே, செப்டம்பர் 1 அன்று, ஜெர்மனி போலந்துக்குள் புகுந்தது. இங்கிலாந்து அணி உடனே ஊர் திரும்பியது. போலந்துக்கும் ஜெர்மனிக்கும் ஆட்டம் வந்தபோது காயைத் தொடாமலே 2-2 என்று எழுதிவைத்தார்கள். கடைசியில் ஜெர்மனிக்கு முதலிடம், போலந்துக்கு இரண்டாமிடம்.

நைதோர்ஃப் அங்கேயே தங்கிவிட்டார். போலந்தில் மனைவி, குழந்தை, பெற்றோர், உடன்பிறந்தவர்கள். கடிதப் போக்குவரத்து நின்றுபோனது. அப்போது அவர் செய்த காரியம் இருக்கிறதே, அதைக் கொஞ்சம் நிதானமாகத்தான் சொல்ல வேண்டும்.

உலகப் பத்திரிகைகள் எல்லாவற்றிலும் தன் பெயர் வர வேண்டும், போலந்தில் எங்கேயாவது ஒளிந்திருக்கும் தன் ஆட்களின் கண்ணில் அது பட வேண்டும் என்று நினைத்தார். அதற்கு ஒரே வழி, யாரும் செய்யாததைச் செய்வது. 1943-ல் அர்ஜென்டினாவின் ரொசாரியோ நகரில் 40 பேரோடு ஒரே நேரத்தில் பலகையைப் பார்க்காமல் ஆடினார். 1947 ஜனவரியில் பிரேசிலின் சாவ் பாவ்லோவில் 45 பேரோடு.

பலகையைப் பார்க்காமல் என்றால் என்ன என்று நம் பிள்ளைகளுக்குக் காட்டலாம் என்று போன ஞாயிறு நூலகத் திண்ணையில் நான் சுவரைப் பார்த்து உட்கார்ந்துகொண்டேன். எட்டாம் வகுப்புப் பையன் ஒருவன் பின்னால் பலகையோடு. ஒரே ஒரு பலகை. அவன் காயை நகர்த்திவிட்டு, "மாமா, குதிரை எஃப்6" என்பான், நான் பதில் சொல்வேன். ஐந்து நகர்த்தல் ஜோராகப் போனது. ஆறாவதில் என் மந்திரியை நகர்த்தினேன். பின்னாலிருந்து சத்தமே இல்லை. "என்னடா?" என்றேன். "மாமா, அதை நான் அப்பவே வெட்டிட்டேன்" என்றான். திண்ணை முழுக்கச் சிரிப்பு. டீ வாங்கிக்கொண்டு வந்தவரும் சிரித்தார்.

இப்போது கணக்குப் போடுங்கள். ஐயா இருக்கிறார், தப்பாகப் போடக் கூடாது. ஒரு பலகைக்கு 32 காய். 45 பலகைக்கு 1,440 காய். அத்தனையும் ஒரு மனிதனின் தலைக்குள் நிற்கிறது. எதிராளிகள் களைத்தால் ஆள் மாறலாம், இவர் மாற முடியாது. 23 மணி நேரத்துக்கும் மேல் உட்கார்ந்தார். 39 வெற்றி, 4 சமன், 2 தோல்வி. அந்த எண்ணை யாரும் மறுக்காதபடி தாண்ட 2011 ஆகிவிட்டது. தாண்டியவர் ஒரு ஜெர்மன்காரர், மார்க் லாங், 46 பலகை.

பத்திரிகைகளில் செய்தி வந்தது. வீட்டிலிருந்து கடிதம்தான் வரவில்லை. யூதப் படுகொலையில் அந்தக் குடும்பமே போய்விட்டிருந்தது.

(மன்னிக்க வேண்டும், கொஞ்சம் தண்ணீர்.)

கெட்டும் பட்டணம் சேர். இவருக்குக் கதவு திறந்த பட்டணம் பியூனஸ் அயர்ஸ். 1944-ல் அந்த நாட்டுக் குடிமகன் ஆனார். மோய்ஷே என்ற பெயர் மிகேல் ஆனது. வயிற்றுப்பாட்டுக்கு இன்சூரன்ஸ் பிடித்தார், அதிலே வசதியும் வந்தது. நம் ஊர் எல்.ஐ.சி. ஏஜென்ட் அண்ணன் கை தட்டுகிறார், பாருங்கள். ஆட்டத்தையும் விடவில்லை. 1946-ல் நெதர்லாந்தின் குரோனிங்கனில், பிறகு உலகச் சாம்பியன் ஆன போட்வின்னிக்கையே தோற்கடித்தார். ஆனாலும் 1948 உலகப் பட்டப் போட்டிக்கு இவரை அழைக்கவில்லை. அது அநியாயம் என்றுதான் இன்றைக்கும் சொல்வேன். 1950-ல் உலகச் சதுரங்கச் சம்மேளனம் முதன்முதலாக கிராண்ட்மாஸ்டர் பட்டம் கொடுத்த 27 பேரில் இவரும் ஒருவர். 1970-ல் பெல்கிரேடில் சோவியத் அணிக்கும் உலக அணிக்கும் நடந்த போட்டியில், 59 வயதில், முன்னாள் உலகச் சாம்பியன் மிகைல் தாலோடு 2-2.

இரண்டாவது விஷயம், ஆட்டமுறை. கறுப்புக் காய்க்காரர் ஆட்டத்தைத் தொடங்கும் முறைகளில் ஒன்று சிசிலியன் தடுப்பு. அதில் ஐந்தாவது நகர்த்தலில் கறுப்பு ஓரச் சிப்பாயை ஒரு கட்டம், ஏ6 என்ற கட்டத்துக்கு, தள்ளுகிறது. பார்த்தால் சோம்பேறி நகர்த்தல். வெள்ளையின் குதிரையும் மந்திரியும் பி5-இல் வந்து உட்கார முடியாமல் போகிறது, அதுதான் விஷயம். அவருக்கு முன்பும் ஆடினார்கள், பெயர் இவருக்கு நின்றது. உலகச் சாம்பியன்கள் ஃபிஷரும் காஸ்பரோவும் இதை வைத்துப் பிழைத்தவர்கள். பலகை வைத்துத்தான் இதை விளக்க வேண்டும். பலகை எங்கே? அங்கேதான் வருகிறேன்.

உறுப்பினர் அம்மா, நம் கிளை நூலகத்தில் ஏழு பலகைகள் பீரோவுக்குள் பூட்டிக் கிடக்கின்றன. மாலை ஐந்தரைக்கு நூலகம் மூடுகிறது, பள்ளி விட்டுப் பிள்ளைகள் வருவதும் ஐந்தரைக்கு. பாட்டி சொன்னது அவள் காலத்துக்குச் சரி. நம் பிள்ளைகள் ஆறு காய் நகர்த்துவதற்காகப் பட்டணத்துக்கு பஸ் ஏற வேண்டுமா? கெடவும் வேண்டாம், பட்டணம் சேரவும் வேண்டாம், அந்தச் சாவி எட்டு மணி வரை கிடைத்தால் போதும். 14 வயதுக்காரனும் வரட்டும். லேட் என்று சொல்ல அங்கே ஆள் இருக்காது.

தலைவர் துண்டுச்சீட்டு அனுப்பியிருக்கிறார். மூன்றாவது விஷயம், பெரிய மனிதர்கள். 1962-ல் ஹவானாவில் பலரோடு ஒரே நேரத்தில் ஆடியபோது எதிரே உட்கார்ந்தவர்களில் சே குவேராவும் ஒருவர், ஆட்டம் சமன். மற்றவர்களை அடுத்த வருடம் பார்ப்போம்.

மனு நோட்டு டீ மேசை மேல் இருக்கிறது, பேனாவை நூலில் கட்டியிருக்கிறேன். இதுவரை 61 கையெழுத்து. உறுப்பினர் அம்மா, 62-வது வரியை உங்களுக்காகக் காலியாக விட்டிருக்கிறேன். வணக்கம்.