கேற்றில் ஒட்டிய ஸ்டிக்கரும் முதல்வர் கதிரையும்

வணக்கம் உறவுகளே. பின்னால் ஏதாவது சத்தம் கேட்கிறதா? கேட்காது. நேற்று நள்ளிரவோடு பிரசாரம் முடிந்துவிட்டது. எங்கள் ஒழுங்கைக்குள் ஓடித் திரிந்த ஒலிபெருக்கி ஓட்டோக்கள் எல்லாம் படுத்துவிட்டன. போன வீடியோவில் என் குரலைவிட "பொன்னான வாக்குகளை" தான் கூடக் கேட்டது என்று நக்கலடித்தீர்கள். இன்றைக்கு அம்மாவின் சேவல் மட்டும்தான்.

நாளை மறுநாள், 2025 மே 6ஆம் திகதி, எங்கள் யாழ்ப்பாண மாநகர சபைத் தேர்தல். அமைதிக் காலம் என்பதால் எந்தக் கட்சியையும் இழுக்கமாட்டேன். அதிலும் ஒரு வில்லங்கம் இருக்கிறது. வீட்டுச் சின்னம் என்றால் ஒரு கட்சி, சைக்கிள் சின்னம் என்றால் இன்னொரு கட்சி. நான் சைக்கிளில் வீட்டுக்கு வந்த கதையைச் சொன்னாலே கூட்டணி அமைத்த மாதிரி ஆகிவிடும்.

சரி, என் விசருக்குக் காரணம் இதுதான். கமெராவைத் திருப்புகிறேன், பாருங்கள். கேற். மூன்று கிழமைக்கு முன்னர் முழு வீடியோவாகக் காட்டிய அதே பச்சைக் கேற். பெயின்ற் 2,950 ரூபாய். தின்னர் 480. பொறுங்கள், தூரிகையை விட்டுவிட்டேன், அது 350. என் இரண்டு ஞாயிற்றுக்கிழமைகளைக் கணக்கிலேயே சேர்க்கவில்லை. வியாழன் இரவு யாரோ ஒருவர் அதன் நடு நெஞ்சில் ஒரு வேட்பாளரின் சிரித்த முகத்தை ஒட்டிவிட்டுப் போய்விட்டார். தேர்தல் காலத்தில் சுவரொட்டி ஒட்டுவதே சட்டப்படி பிழை. சட்டத்தைக் காக்கப் போகிறவர் முதலில் என் கேற்றைக் காத்திருக்கலாம்.

உரித்தால் பெயின்றும் சேர்ந்து வந்தது. நெற்றிப் பகுதி மட்டும் ஒட்டிக்கொண்டு நின்றது. வெந்நீர், சவர்க்காரம், ஒன்றுக்கும் அசையவில்லை. கடைசியில் தேங்காய் எண்ணெய் தடவி அரை மணித்தியாலம் விட்டேன். வழுக்கிக்கொண்டு வந்தது! தேங்காய் விற்கிற விலையில் இது ஒரு பெரிய முதலீடு என்று அம்மா இன்னும் முணுமுணுக்கிறா.

இனி விஷயத்துக்கு வருகிறேன். ஒட்டிய முகத்துக்குக் கீழே "உங்கள் முதல்வர்" என்று கொட்டை எழுத்தில் போட்டிருந்தது. அதுதான் எனக்கு எரிச்சல். செவ்வாய்க்கிழமை நாங்கள் யாரும் முதல்வருக்கு, அதாவது மேயருக்கு, வாக்குப் போடப் போவதில்லை. வாக்குச்சீட்டில் ஆளின் பெயரே இராது. கட்சி அல்லது சுயேச்சைக் குழு, அதன் சின்னம், அவ்வளவுதான். ஒரே ஒரு புள்ளடி. மொத்தம் 45 உறுப்பினர்கள். அதில் 27 பேர் வட்டாரத்தில் வெல்பவர்கள். மீதி 18 பேர் கட்சிகள் எடுத்த வாக்கு வீதப்படி பட்டியலால் வருவார்கள். ஒரு கட்சி பாதிக்கு மேல் ஆசனம் எடுக்காவிட்டால், முதல்வரை அந்த 45 பேரும் சபைக்குள் வாக்கெடுத்துத் தெரிவு செய்வார்கள்.

யாழ்ப்பாணத்தில் பாதியைத் தாண்டுவது லேசா? 2018இல் அதிகம் எடுத்த கட்சிக்கே 16 ஆசனம்தான். ஓ, முக்கியமானதை மறந்துவிட்டேன். 2020 டிசம்பரில் அப்போதைய முதல்வரின் வரவு செலவுத் திட்டம் இரண்டு தரம் தோற்றுப் பதவி போனது. 30ஆம் திகதி மறுபடி வாக்கெடுத்தார்கள். 21க்கு 20. ஒரே ஒரு கை! மணிவண்ணன் முதல்வரானார். அந்த ஒரு கை எந்த வட்டாரத்துக் கை என்று யோசித்துப் பாருங்கள்.

அந்தக் கதிரை லேசான கதிரையும் இல்லை. 1975இல் துரையப்பா, 1998இல் சரோஜினி யோகேஸ்வரன், அதே ஆண்டு பொன். சிவபாலன். மூன்று பேரும் அந்தப் பதவியில் இருக்கும்போதே கொல்லப்பட்டவர்கள். அதில் இருக்கத் துணிகிறவர்களை நான் பகிடி பண்ணவில்லை. ஸ்டிக்கரைத்தான் பண்ணுகிறேன்.

அதனால் இந்த முறை கேற்றடிக்கு வந்த ஒவ்வொருவரிடமும் ஒரே கேள்வி கேட்டேன்: "முதல்வர் தெரிவில் யாருக்குக் கை தூக்குவீர்கள்?" ஒரு அண்ணை சமஷ்டி பற்றிப் பத்து நிமிடம் பேசினார். நல்ல விஷயம்தான். ஆனால் அண்ணை, குப்பை எடுப்பதும் வாய்க்கால் துப்பரவு செய்வதும் தெரு விளக்கும்தான் உங்கள் கையில் வரப்போகிறது. பொது நூலகமும் தீயணைப்பும் கூட சபையின் பொறுப்புத்தான். இன்னொருவர் நேர்மையாகச் சொன்னார்: "தம்பி, மேலிடம் சொல்கிறவருக்குத்தான்." பொய் சொல்லாததுக்கு அவருக்கு ஒரு தேத்தண்ணி கொடுத்தோம்.

மூன்றாவதாக ஒரு அக்கா வந்தா. நான்கில் ஒரு பங்கு பெண்கள் இருக்கவேண்டும் என்ற விதி வந்த பிறகு, பெயருக்குப் போட்ட சிலரையும் பார்த்திருக்கிறேன். இவ அப்படியில்லை. என் கேள்வியைக் கேட்டுவிட்டு, "அது பிறகு தம்பி, உந்த வாய்க்கால் எங்கே போய் விழுகுது?" என்று கேட்டா. எனக்குத் தெரியவில்லை! இருபத்தெட்டு வருடமாக இந்த ஒழுங்கையில் இருக்கிறேன். என்னுடைய ரோச்சை வாங்கிக்கொண்டு மதகடி மட்டும் நடந்துபோய்ப் பார்த்துவிட்டு வந்தா. கேள்விக்குப் பதில் இன்னும் தரவில்லை என்பதையும் சொல்லத்தான் வேண்டும். ரோச்சையும்தான் தரவில்லை.

சபையின் காலம் 2023 மார்ச்சில் முடிந்தது. அந்த மாதம் 9ஆம் திகதி நடக்கவேண்டிய தேர்தலைக் காசில்லை என்று தள்ளிப்போட்டார்கள். அதற்குப் பிறகு உறுப்பினரே இல்லாத இரண்டு வருடம். மதகடித் தண்ணீர் யாருக்காகக் காத்திருக்கப் போகிறது?

காலை ஏழு மணியிலிருந்து பின்னேரம் நான்கு மணி வரை வாக்களிக்கலாம். அடையாள அட்டையை மறக்காதீர்கள். வாக்காளர் அட்டை வராதவர்களும் போகலாம். கையில் எண்ணெய், கமெராவும் வழுக்குகிறது. அம்மா வேறு போத்தலைத் தேடுகிறா. செவ்வாய்க்கிழமை மை பூசிய விரலோடு வருகிறேன். யாராவது அந்த அக்காவைக் கண்டால் என் ரோச்சைக் கேளுங்கள், நீலக் கலர்.