ஒரு பாடசாலைக் கொப்பி

நேயர்களுக்கு வணக்கம். நிவாரணம் என்றதும் லொறியும் அரிசி மூட்டையும்தான் கண்ணில் வரும். நான் பேச வந்தது ஒரு கொப்பியைப் பற்றி.

2004 டிசம்பர் 26. ஞாயிற்றுக்கிழமை, போயா நாள். கடல் ஊருக்குள் வந்த அன்று மத்தியானமே திருகோணமலையில் எங்கள் பாடசாலை மண்டபம் நிறைந்துவிட்டது. எல்லோரும் உடுத்த உடுப்போடு வந்த சனம். முதல் சோறு அடுத்த தெரு வீடுகளிலிருந்து வந்தது. கோயில் கிடாரமும் பள்ளிவாசல் கிடாரமும் பக்கத்துப் பக்கத்து அடுப்பில் ஏறின.

அப்புறம் பழைய உடுப்பு மூட்டைகள் வந்து குவிந்தன. அதற்கு நடுவே மாதர் சங்கத்து அக்கா ஒருவர் கொப்பியும் பேனையுமாக வகுப்பு வகுப்பாகப் போனார். என்ன வேண்டும் என்று பொதுவாகக் கேட்டால், ஒன்றும் வேண்டாம் பிள்ளை என்றுதான் நம் சனம் சொல்லும். அவருக்கு அது தெரியும். "ஆச்சி, நீங்கள் சீனி வருத்தத்துக்கு ஊசி போடுறனீங்கள்தானே, காலமை போட்டாச்சோ?" என்றார். ஆச்சி அழத் தொடங்கிவிட்டார். மூக்குக்கண்ணாடி தொலைத்தவர், பால்மா தேவைப்பட்ட குழந்தை, எல்லாம் கொப்பியில் ஏறின. மாதவிடாய்த் துணி கேட்க வெட்கப்பட்ட பிள்ளைகளின் பெயரை அவர் எழுதவில்லை. ஓரத்தில் ஒரு புள்ளி மட்டும் வைத்தார்.

இதை எந்தக் கூட்டத்திலும் சொல்லாமல் விடுவதில்லை: யார் வீட்டில் என்ன என்பது அயலவருக்குத்தான் தெரியும். கிராம சேவகரின் குடும்பப் பட்டியல் தேவைதான். ஆனால் எந்த ஆச்சிக்கு இரவில் கண் தெரியாது என்பது அதில் இருக்காது. அயலவருக்குத்தான் தெரியும்.

நேரமாகிவிட்டதென்று கண்ணாடிக்கு அப்பால் கை காட்டுகிறார்கள். வெள்ளத்தைப் பற்றிச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். மகாவலி கடலோடு சேர்வது நம் பக்கத்தில். மலைநாட்டில் பெய்த மழை வந்து சேர நேரம் எடுக்கும். இங்கே வெயில் அடிக்கும்போதே மூதூரிலும் வெருகலிலும் தண்ணீர் ஏறலாம். 2025 நவம்பர் டிட்வா புயலிலும் அந்தப் பக்கம் வெள்ளம் வந்தது. தண்ணீர் வரும் முன் கிடைக்கும் அந்த அவகாசத்தில் வள்ளம் யாரிடம், எஞ்சின் யாரிடம், படுக்கையில் யார் என்று தேடிக்கொண்டிருக்க முடியாது. இன்றைக்கே எழுதுங்கள். பொலித்தீன் பையில் சுற்றி உயரத்தில் வையுங்கள். அந்த அக்கா சங்கத்துக்காக எழுதி வைத்திருந்த கொப்பி அன்று கடலோடு போனது. மண்டபத்தில் அவர் எழுதியதெல்லாம் ஞாபகத்திலிருந்து.

வணக்கம்.