நீச்சல் குளத்தின்மேல் ஒரு நாடகக் கூடம்

விழாத் தலைவர் அவர்களே, மழையையும் பாராமல் வந்து முன்வரிசையில் அமர்ந்திருக்கும் நகராட்சித் தலைவர் அம்மையார் அவர்களே, எனக்கு முன்பு பேசி என் சரக்கில் பாதியைத் தீர்த்துவிட்ட பேராசிரியர் ஐயா அவர்களே, தாய்மார்களே, மாணவியரே, அனைவருக்கும் வணக்கம்.

ஜப்பானில் பெண்கள் மட்டுமே நடிக்கும் தகராசுகா இசைநாடக மரபின் பிறப்பு, பயிற்சி, இசை ஆகிய மூன்றையும் பற்றிப் பேச வந்திருக்கிறேன்.

'ஆடத் தெரியாதவள் கூடம் கோணல் என்றாளாம்' என்பார்கள். தகராசுகாவில் கூடம் மெய்யாகவே கோணல்தான். ரயில் நிறுவனம் நடத்திய கொபயாஷி இச்சிசோ, தம் பாதையின் கடைசி நிலையத்துக்குக் கூட்டம் சேர்க்க, அங்கே வெந்நீர்க் குளியலகத்தை ஒட்டி ஒரு நீச்சல் குளத்தைக் கூரையிட்டுக் கட்டினார். வெயில் படாத குளம். நீரைச் சூடாக்க வழியில்லை. ஆணும் பெண்ணும் சேர்ந்து நீந்த அந்நாளில் அனுமதியும் இல்லை. பற்கள் தந்தியடிக்க ஏறியவர் மறுபடி இறங்குவாரா? மனிதர் அசரவில்லை. குளத்தின்மேல் பலகை பரப்பிப் பார்வையாளரை உட்காரவைத்தார். உடைமாற்றும் பகுதியை மேடையாக்கினார். 1913இல் முதலில் சேர்ந்த 16 சிறுமியருடன் இன்னும் சிலரையும் கூட்டி, 1914 ஏப்ரல் 1 அன்று, பீச் பழத்தில் பிறந்த மோமோதாரோவின் கதையை அரங்கேற்றினார். அதுவும் ஒரு கல்யாணப் பொருட்காட்சிக்கு வந்தவர்களுக்கான வேடிக்கையாக! மணமானால் மேடையை விட்டு விலக வேண்டும் என்னும் விதியை இன்றும் காக்கும் குழு பிறந்த இடம் அது.

ஜப்பானின் பழைய நாடகக் கலையான கபுகியைத் தொடங்கியவளே ஒகுனி என்ற பெண்தான். 1629இல் ஆட்சியாளர் பெண்களை மேடையிலிருந்து விலக்க, ஆண்களே பெண் வேடம் கட்டினர். தகராசுகாவில் பெண் ஆண் வேடம் கட்டுகிறாள். அவளுக்கு 'ஓதோகோயாகு' என்று பெயர். 26 படிகள் கொண்ட பெரும் படிக்கட்டில், முதுகில் இறகுச் சுமையோடு, காலடியைக் குனிந்து பாராமல் அவள் இறங்குவதை நினைத்துப் பாருங்கள்; அதற்குப் பின்னால் இசைப்பள்ளியின் இரண்டாண்டுப் பயிற்சி இருக்கிறது. புகழின் உச்சியிலிருக்கும் நடிகையையும் அங்கே 'மாணவி' என்றே அழைக்கிறார்கள்.

தலைவர் மணியைப் பார்க்கிறார். இசையைப் பிறகு பார்த்துக்கொள்ளலாம். ஆடத் தெரியாதவள் கூடம் கோணல் என்றாள், சரி. ஆடத் தெரிந்து, கூடமே இல்லாத நம் ஊர்ப் பெண்பிள்ளைகள் எதைக் கோணல் என்பார்கள்? பழைய நெல் கிடங்கு பூட்டியே கிடக்கிறது. வாரம் இரண்டு மாலை ஒத்திகைக்குத் திறந்துவிட்டால் போதும் என்று மூன்றாண்டுகளாக மனு கொடுத்து வருகிறோம். அந்தச் சாவி அம்மையார் அவர்களின் அலுவலகத்தில்தான் தொங்குகிறது.