சாக்ஸில் ஒரு ஓட்டை, கல்யாணத்தில் எத்தனை? 1924-இல் வந்த பேசாத படம்!

ஒரு சாக்ஸ். அதில் ஓட்டை. ஓட்டை வழியாக எட்டிப் பார்க்கிற கட்டைவிரல். ஒரு கல்யாணம் எந்த லட்சணத்தில் இருக்கிறது என்று இதை மட்டும் காட்டியே புரியவைத்துவிட்டார் ஒரு இயக்குநர். அதுவும் வாய்பேசாத படத்தில்!

வணக்கம் நண்பர்களே. படம் 'தி மேரேஜ் சர்க்கிள்', 1924. இயக்கியவர் எர்ன்ஸ்ட் லூபிட்ச், பெர்லின்காரர், 1922-இல் அமெரிக்கா போனவர். கதை நடப்பது வியன்னாவில். பின்னணி இது போதும், சாக்ஸுக்கு வருவோம்.

பேராசிரியர் ஸ்டாக் காலையில் கிளம்புகிறார். சாக்ஸ் கிழிசல். தன் இழுப்பறையைத் திறந்தால் கிட்டத்தட்ட காலி. மனைவி மிட்ஸியின் இழுப்பறையைத் திறந்தால் காலுறைகள் பிதுங்கி வழிகின்றன. அந்த வீட்டில் யாருக்கு எவ்வளவு இடம் என்று தெரிந்துவிட்டதா? ஸ்டாக்காக நடிக்கும் அடால்ஃப் மென்ஜூவின் முகத்தைப் பாருங்கள், கோபமே இல்லை, அலுப்புதான். சண்டை போடும் ஆசைகூட வற்றிப்போன மனுஷன்.

அப்புறம் இன்னொரு வீடு. டாக்டர் ஃபிரான்ஸ், மனைவி சார்லட். திரையில் முட்டையும் காபிக் கோப்பையும் மட்டும். அவர் கை முட்டையைத் தட்டுகிறது, அவள் கை காபியைக் கலக்குகிறது. திடீரென்று இரண்டு கையும் காணோம். காபி ஆறட்டும், அவர்களுக்கு வேறு வேலை வந்துவிட்டது! எனக்கு ரொம்பப் பிடித்த காட்சி இதுதான்.

இந்த வீட்டுக்குள் மிட்ஸி நுழைகிறாள். அவள் சார்லட்டின் உயிர்த்தோழி, கண் மட்டும் ஃபிரான்ஸ் மேல். விருந்து மேஜையில் யார் எங்கே உட்கார வேண்டும் என்று பெயர் அட்டைகள் வைத்திருக்கிறார்கள். மிட்ஸியிடமிருந்து தப்பிக்கத்தான் ஃபிரான்ஸ் அட்டையை மாற்றுகிறார். சார்லட்டுக்கோ, விருந்துக்கு வந்த மிஸ் ஹோஃபர் என்ற பெண்ணின் பக்கத்தில் உட்கார ஆசைப்பட்டு மாற்றினார் என்று படுகிறது. நேராகத் தோழியிடம் போய், அவரைக் கொஞ்சம் பார்த்துக்கொள் என்று கெஞ்சுகிறாள். பாலுக்குப் பூனையையே காவல் வைத்தாயிற்று! சார்லட் முட்டாள் இல்லை. கண்ணால் பார்த்தது நிஜம்தான், அதற்குச் சொன்ன காரணம்தான் தப்பு. நம் வீடுகளில் நடக்கும் பாதிச் சண்டை இந்த ரகம் இல்லையா?

கடைசியில் வருவதுதான் உச்சம். ஃபிரான்ஸின் நண்பர் தன்னை முத்தமிட்டதை சார்லட் கணவரிடமே சொல்கிறாள். அது நிஜமாகவே நடந்தது. அவரோ நம்பாமல் சிரிக்கிறார்!

நீங்களாக இருந்தால் நம்பியிருப்பீர்களா? கமெண்ட்டில் எழுதுங்கள், படித்துப் பதில் போடுகிறேன்.