கடைசி இடம் பிடித்த காதல் பாட்டும் 48 ஆண்டு சர்வாதிகாரத்தின் கடைசி இரவும்

நேயர்களுக்கு வணக்கம்.

1974 ஏப்ரல் 6 அன்று இங்கிலாந்தின் பிரைட்டன் நகரில் யூரோவிஷன் பாட்டுப் போட்டி நடந்தது. ஸ்வீடனிலிருந்து வந்த ஆபா குழு அன்று வென்று உலகப் புகழ் பெற்றது. அதே மேடையில் போர்ச்சுகலின் சார்பில் பாவ்லோ டி கார்வால்யோ பாடிய ஒரு காதல் பிரிவுப் பாட்டுக்கு வெறும் 3 புள்ளிகளே கிடைத்தன. வேறு மூன்று நாடுகளோடு சேர்ந்து அது கடைசி இடத்தைப் பங்கிட்டுக்கொண்டது. சரியாகப் 18 நாள்கள் கழித்து, ஏப்ரல் 24 இரவு 10.55 மணிக்கு, தோற்றுப்போன அதே பாட்டு லிஸ்பன் வானொலி நிலையம் ஒன்றில் ஒலித்தது. அதற்காகவே காத்திருந்த ராணுவ அதிகாரிகள் உடனே வேலையைத் தொடங்கினார்கள். மறுநாள் மாலைக்குள் போர்ச்சுகலின் 48 ஆண்டு சர்வாதிகாரம் முடிந்துபோயிருந்தது.

ஆபா பாட்டால் எந்த அரசாவது கவிழ்ந்ததாக எனக்குத் தெரியவில்லை. தெரிந்தவர்கள் கருத்துப் பகுதியில் எழுதுங்கள்.

(திரையில்: சலாசாரின் கறுப்பு வெள்ளைப் படம்)

பின்னணியை விரைவாகச் சொல்லிவிடுகிறேன். 1926 மே 28 அன்று ராணுவம் குடியரசைக் கவிழ்த்தது. கொயிம்ப்ரா பல்கலைக்கழகப் பொருளாதாரப் பேராசிரியர் சலாசார் 1928இல் நிதி அமைச்சராக வந்து, 1932இல் பிரதமராகி, 'எஸ்தாதோ நோவோ', அதாவது 'புதிய அரசு', என்ற பெயரில் தணிக்கையையும் ரகசியப் போலீசையும் வைத்து நாட்டை ஆண்டார். 1968இல் நாற்காலியிலிருந்து விழுந்து மூளை பாதிக்கப்பட்டதால் அவருடைய பதவி மார்செலோ கயத்தானோவிடம் போனது. ஆனால் அந்தச் செய்தியைச் சலாசாரிடம் சொல்ல எவருக்கும் துணிச்சல் வரவில்லை. 1970இல் இறக்கும்வரை அவர் தம்மையே பிரதமராக எண்ணிக்கொண்டிருந்தார். அமைச்சர்களும் வந்து அந்த நாடகத்தைத் தொடர்ந்து நடித்தார்கள்.

ஆட்சியை அரித்தவை ஆப்பிரிக்கப் போர்கள்தாம். பிரிட்டனும் பிரான்சும் குடியேற்ற நாடுகளை விட்டு வெளியேறிக்கொண்டிருந்த காலத்தில், அங்கோலாவில் 1961இலும் போர்ச்சுகீசியக் கினியாவில் (இன்றைய கினி-பிசாவ்) 1963இலும் மொசாம்பிக்கில் 1964இலும் தொடங்கிய விடுதலைப் போர்களைப் போர்ச்சுகல் ஒரே நேரத்தில் எதிர்த்து நின்றது. 1961 டிசம்பரில் இந்தியப் படை கோவாவுக்குள் நுழைந்தபோது, கடைசி மனிதன்வரை போரிடச் சொல்லிச் சலாசார் ஆணையிட்டார். வெல்லவே முடியாத போரில் வீரர்களைப் பலிகொடுக்க மறுத்துச் சரணடைந்த ஆளுநர் வசாலோ இ சில்வாவை ராணுவத்திலிருந்தே நீக்கினார். அரசியல்வாதிகள் தொடங்கிவைக்கும் போரில் தோற்றால் பழி ராணுவத்தின் தலையில்தான் விழும் என்பதை அதிகாரிகள் அன்றே குறித்துக்கொண்டார்கள்.

ஆனாலும் புரட்சிக்கான முதல் பொறி, நம்புவீர்களோ மாட்டீர்களோ, பதவி உயர்வுப் பிரச்சினையிலிருந்துதான் பறந்தது. போரில் அதிகாரிகள் போதாமல் போகவே, கட்டாயப் பணிக்கு வந்தவர்கள் குறுகிய கால வகுப்பு ஒன்றை முடித்தால் நிரந்தர அதிகாரிகளோடு பணிமூப்பு பெறலாம் என்று 1973 ஜூலையில் அரசு ஓர் ஆணை பிறப்பித்தது. ராணுவக் கல்லூரியில் ஆண்டுக்கணக்கில் படித்து, இரண்டு மூன்று முறை ஆப்பிரிக்கக் காடுகளுக்குப் போய்வந்த கேப்டன்கள் கொதித்தார்கள். செப்டம்பரில் எவோரா அருகே ஒரு பண்ணையில் கூடியபோது அவர்கள் பேசியது சீனியாரிட்டியைப் பற்றி. சில மாதங்களில் பேச்சு போரை நிறுத்துவதற்கும், அங்கிருந்து ஆட்சியை நீக்குவதற்கும் நகர்ந்துவிட்டது. அலுவலகக் குறை மனு ஒன்று ஆட்சிக் கவிழ்ப்பாக வளர்ந்ததற்கு இதைவிட நல்ல சான்றை நான் படித்ததில்லை.

இனி எனக்கு மிகவும் பிடித்த பகுதிக்கு வருகிறேன்.

(திரையில்: பழைய வானொலிப் பெட்டி)

திட்டத்தை வகுத்தவர் மேஜர் ஒத்தெலோ சராய்வா டி கார்வால்யோ. நாடெங்கும் சிதறிக் கிடக்கும் படைப்பிரிவுகள் ஒரே நேரத்தில் கிளம்ப வேண்டும். ரகசியப் போலீஸ் ஒட்டுக்கேட்கும் தொலைபேசியை நம்ப முடியாது. வானொலி இருக்கிறது, ஆனால் யாருக்கும் ஐயம் வராத பாட்டாக இருக்க வேண்டும். யூரோவிஷனுக்குப் போய்வந்த பாட்டை எந்த நிலையமும் எந்த நேரமும் போடும். அதில் அரசியல் ஒரு சொட்டும் இல்லை. தோல்வியே அதற்கு நல்ல முகமூடியாக அமைந்தது.

ஆனால் அந்தப் பாட்டை ஒலிபரப்பிய நிலையத்தின் அலை லிஸ்பன் வட்டாரத்தைத் தாண்டாது. ஆகவே நாடு முழுவதற்கும் இரண்டாவது குறிப்பு ஒன்று தேவைப்பட்டது. நள்ளிரவு கடந்து 12.20 மணிக்கு, ரேடியோ ரெனசென்சா நிலையத்தில் ஜோசே அஃபோன்சோ பாடிய 'கிராந்தோலா, விலா மொரேனா' ஒலித்தது. அஃபோன்சோவின் பல பாடல்கள் தடை செய்யப்பட்டிருந்தன. கிராந்தோலா என்ற சிற்றூரின் தோழமையைப் பாடும் இந்தப் பாட்டு மட்டும் எப்படியோ தணிக்கையாளரின் கையிலிருந்து தப்பியிருந்தது. அது சரளைக் கற்களின் மேல் மனிதர்கள் சேர்ந்து நடக்கும் காலடி ஓசையோடு தொடங்குகிறது. இருட்டில் வண்டிகளுக்குள் உட்கார்ந்து அந்த ஓசையைக் கேட்டவர்களுக்கு உடம்பு சிலிர்த்திருக்கும் என்றே நினைக்கிறேன். இன்னொன்றையும் கவனியுங்கள்: ரெனசென்சா கத்தோலிக்கத் திருச்சபையின் நிலையம். திருச்சபையைத் தன் தூணாக எண்ணியிருந்த ஆட்சிக்குச் சாவுமணி அந்த வீட்டிலிருந்தே அடித்தது.

சந்தாரெம் குதிரைப்படைப் பள்ளியில் 29 வயதுக் கேப்டன் சல்கெய்ரோ மாயா தம் வீரர்களை எழுப்பி ஒரு சிறு உரையாற்றினார். போர்ச்சுகீசிய மொழியில் 'எஸ்தாதோ' என்றால் அரசு என்றும் பொருள், நிலைமை என்றும் பொருள். உலகில் பல வகை 'எஸ்தாதோ' உண்டு, நாம் வந்து சேர்ந்திருக்கும் இந்த 'எஸ்தாதோ' அவற்றுள் ஒன்று, அதை முடித்துவைக்கவே இன்றிரவு கிளம்புகிறோம் என்பது அதன் சாரம். ஆட்சியின் பெயரிலேயே இருந்த சொல்லை வைத்து அதைக் கவிழ்க்கக் கிளம்பியவரின் நகைச்சுவையைத் தமிழில் முழுதாகக் கொண்டுவர முடியவில்லை, மன்னியுங்கள். வர விரும்பாதவர்கள் தங்கிவிடலாம் என்றும் சொன்னார். ஏறக்குறைய 240 பேர் அவரோடு கிளம்பினார்கள். லிஸ்பனுக்குள் நுழைந்த அந்தப் படை வரிசை ஒரு சிவப்பு விளக்கைக் கண்டு ஒழுங்காக நின்றதாகச் சொல்லப்படுகிறது. ஆட்சியைக் கவிழ்க்கலாம், போக்குவரத்து விதியை மீறலாமா?

காலையில் அரண்மனைச் சதுக்கத்தில் அரசுத் தரப்பு டாங்கிகள் மாயாவுக்கு எதிரே வந்து நின்றன. அவர் கையில் வெள்ளைத் துணியோடு தனியாக நடந்து போனார். சுடும்படி பிரிகேடியர் கத்தினார். டாங்கிக்குள் இருந்த ஓர் எளிய கார்ப்பரல் சுடவில்லை. ஆற்றில் நின்ற போர்க்கப்பலுக்கும் ஆணை போனது, அதுவும் சுடவில்லை. என்னைக் கேட்டால் 48 ஆண்டு ஆட்சி முடிந்தது அந்தச் சில நிமிடங்களில்தான். அதற்குப் பிறகு நடந்தவை வெறும் சம்பிரதாயம்.

எல்லோரும் வீட்டிலேயே இருங்கள் என்று புரட்சியாளர்கள் வானொலியில் திரும்பத் திரும்ப அறிவித்தார்கள். மக்கள் அதைக் கேட்கவில்லை. தெருவுக்கு வந்து டாங்கிகளின் மேல் ஏறிக்கொண்டார்கள். அன்று முதலாண்டு விழா கொண்டாட இருந்த ஓர் உணவகம், வாடிக்கையாளருக்குத் தர வாங்கிய கார்னேஷன் மலர்களை வீணாக்க வேண்டாமென்று பணியாளர்களிடமே கொடுத்தனுப்பியது. வழியில் ஒரு சிப்பாய் பணிப்பெண் ஒருவரிடம் சிகரெட் கேட்க, இல்லாத சிகரெட்டுக்குப் பதிலாக அவர் ஒரு பூவை நீட்ட, சிப்பாய் அதைத் துப்பாக்கி முனையில் செருகிக்கொண்டார். 'கார்னேஷன் புரட்சி' என்ற பெயர் அப்படி வந்தது.

கார்மோ படைமுகாமில் ஒளிந்திருந்த கயத்தானோ, அதிகாரம் தெருவில் விழக் கூடாதென்று, ஒரு கேப்டனிடம் சரணடைய மறுத்து, ஆப்பிரிக்கப் போரை ராணுவத்தால் வெல்ல முடியாதென்று எழுதிப் பதவி இழந்திருந்த ஜெனரல் ஸ்பினோலாவை வரவழைத்து அவரிடம் சரணடைந்தார். ரத்தம் சிந்தாத புரட்சி என்று பலர் சொல்வது சரியல்ல. ரகசியப் போலீஸ் தன் தலைமையகத்திலிருந்து கூட்டத்தை நோக்கிச் சுட்டதில் 4 பேர் இறந்தார்கள்.

சரியாக ஓராண்டு கழித்து நடந்த தேர்தலில் 90 விழுக்காட்டுக்கு மேல் வாக்கு பதிவாகியது. 1975 முடிவதற்குள் ஆப்பிரிக்கக் குடியேற்ற நாடுகள் ஐந்தும் விடுதலை பெற்றன. அங்கோலாவிலும், ஆசியாவில் போர்ச்சுகலின் வசம் இருந்த கிழக்குத் திமோரிலும் அடுத்து மூண்ட துயரங்களுக்குத் தனி வீடியோவே வேண்டும்.

(திரையில்: லிஸ்பன் நாடாளுமன்றப் பார்வையாளர் மாடம்)

கிராந்தோலா பாட்டின் வேலை அத்துடன் முடியவில்லை. 2013 பிப்ரவரியில், சிக்கன நடவடிக்கைகளால் நாடு கொதித்துக்கொண்டிருந்தபோது, பிரதமர் பாசோஸ் கொயெல்யோ நாடாளுமன்றத்தில் பேசிக்கொண்டிருக்க, மாடத்தில் இருந்தவர்கள் எழுந்து அதைப் பாடத் தொடங்கினார்கள். பிரதமர் பேச்சை நிறுத்திக் காத்திருந்தார். பாடியவர்கள் வெளியேற்றப்பட்ட பிறகு, ஒரு கூட்டத்தை இடைமறிக்கும் வழிகளுள் மிக நல்ல ரசனை கொண்டது இதுதான் என்று சொல்லிவிட்டு, விட்ட இடத்திலிருந்து பேச்சைத் தொடர்ந்தார்.